ஆறு மணிப் பெரட்டு

எண்பது பேர் நிற்க வேண்டிய இடத்தில் இருபத்து மூன்று பேர் நின்றார்கள். மூன்று முறை எண்ணினேன். மூன்றாவது முறை, சோறு சமைக்க வந்த சரசு அக்காவையும் சேர்த்து எண்ணிப் பார்த்தேன். அப்படியும் இருபத்து நான்கைத் தாண்டவில்லை.

செமோர் டவுனைத் தாண்டி செம்மண் பாதையில் பத்து நிமிடம் உள்ளே போனால் அந்தப் பழைய ரப்பர் தோட்டம். தோட்டம் என்பது பேச்சுக்குத்தான். மிச்சம் இருந்தது நாலு வரிசைப் பால்மரமும், பாதிக் கூரை போன ஓர் ஆபீசும், அதன் முன்னால் ஒரு மண் திடலும். திங்கட்கிழமை புல்டோசர் வருகிறது, வீடுகள் கட்டப் போகிறார்கள். எங்கள் படத்துக்கு அங்கே அனுமதி கிடைத்தது ஒரே ஒரு சனிக்கிழமை.

அப்போது காலை மணி ஆறு. மலேசியாவில் எங்கள் பேராக் மாநிலத்தில் ஏழு மணிக்குத்தான் சூரியன் தலை காட்டும். அதற்கு முன்னால் ஓர் இருபது நிமிடம், சுண்ணாம்புக் குன்றுகளுக்குப் பின்னால் வானம் நீலமாக வெளுக்கும். அந்த இருபது நிமிடத்துக்காகத்தான் நான் ஆறு மாதமாக டைரக்டர் உயிரை வாங்கிக்கொண்டிருந்தேன்.

டைரக்டர் இளங்கோ கோலாலம்பூரில் பிறந்து வளர்ந்தவர். என்னைவிட இருபது வயது சின்னவர். அன்றைக்கு முகம் செத்துப்போய் வந்து நின்றார்.

"அக்கா, மத்தவங்கள்லாம் எங்கக்கா?"

"வருவாங்க லா, பயப்படாதீங்க" என்றேன். சொல்லிவிட்டு நானே பாதையை எட்டிப் பார்த்தேன்.

எடுக்க வேண்டியது பெரட்டுக் காட்சி. தோட்டத்தில் பிறக்காதவர்களுக்காகச் சொல்கிறேன்: விடியும் முன்னால் தொழிலாளிகள் எல்லாரும் ஆபீஸ் முன்னால் வரிசையாக நிற்பார்கள். கணக்கெழுதும் கிராணி விளக்கைப் பிடித்துக்கொண்டு பெயர் கூப்பிடுவார். 'இருக்கேன்' என்று குரல் கொடுத்தால் அன்றைக்கு வேலை. அதற்குப் பெயர்தான் பெரட்டு. வெள்ளைக்காரன் 'பரேட்' என்று சொன்னது எங்கள் ஆட்கள் வாயில் அப்படி ஆனது என்பார்கள். படத்தில் கதை தொடங்குவதே அந்தப் பெரட்டில்தான்.

டிவியைத் தட்டுகிற ஜனம்

அந்தக் காட்சி சரியாக வராவிட்டால் எனக்கு என்ன ஆகும் என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும்.

எங்கள் தயாரிப்பாளரை எல்லாரும் பாஸ் என்றுதான் கூப்பிடுவோம். ஈப்போக்காரர், இரும்புச் சாமான் வியாபாரம். நல்ல மனுசன். ஆனால் அவருக்குப் படம் என்றால் பளிச்சென்று இருக்க வேண்டும். முதல் வாரம் எடுத்ததைப் போட்டுப் பார்த்துவிட்டு என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"ரோஸ்லின், ஏன் இப்படி இருட்டா எடுத்து வச்சிருக்க? நம்ம ஜனம் வீட்டுல பாக்குறப்ப டிவி கெட்டுப்போச்சுன்னு ரெண்டு தட்டு தட்டும் லா."

"இருட்டு இல்ல பாஸ். ஜன்னல் பக்கம் வெளிச்சம், மத்த பக்கம் நெழல். நம்ம வீட்டுல அப்படித்தானே இருக்கு?"

"நம்ம வீட்டுல டியூப் லைட் இருக்கு."



கடைசியில் ஒரு நிபந்தனை போட்டார். பெரட்டுக் காட்சியை என் இஷ்டப்படி எடுக்கலாம். அது அவருக்குச் சரியென்று பட்டால் மிச்சப் படத்தையும் என் இஷ்டப்படி முடிக்கலாம். இல்லையென்றால் ஞாயிற்றுக்கிழமை காலையிலிருந்து லைட் லோரி வந்துவிடும். பெரிய பெரிய விளக்குகள், நாலு பக்கமும் வெள்ளை வெளிச்சம், அவர் சொல்கிறபடி.

ஐம்பத்து நாலு வயதில் எனக்குக் கிடைத்த முதல் சினிமா அது. இருபது வருடமாக டிவி நாடகங்களை அடுத்தவர் சொன்னபடி பளிச்சென்று எடுத்துத் தள்ளியவள் நான். என் கண்ணுக்கு எப்படித் தெரிகிறதோ அப்படி ஒரே ஒரு படமாவது எடுத்துவிட வேண்டும் என்று வெறியோடு இருந்தேன். லோரி வந்தால் அது போச்சு.

கறுப்பு ரோஸ்லின்

ஈப்போவில் சிலிபின் பக்கம் போய் ரோஸ்லின் வீடு எங்கே என்று கேட்டால் நாலைந்து ரோஸ்லின்களைக் காட்டுவார்கள். கறுப்பு ரோஸ்லின் என்று கேட்டால் நேரே என் வீட்டுக்குக் கொண்டுவந்து விடுவார்கள். என் நிறத்துக்காக வந்த பெயர் என்று நினைப்பீர்கள். நானும் நல்ல கறுப்புத்தான், மறைக்க ஒன்றுமில்லை. ஆனால் அந்தப் பெயர் ஒரு கல்யாணத்தில் வந்தது.

எட்டு வயது வரை செமோர்ப் பக்கம் ஒரு தோட்டத்தில் இருந்தோம். பிறகு அப்பா சிலிபினுக்குக் குடி வந்து லோரி ஓட்டினார். படிப்பை முடித்ததும் நான் ஈப்போவில் ஒரு போட்டோ ஸ்டூடியோவில் வேலைக்குச் சேர்ந்தேன். மாதா கோயிலில் முதல் முதலாகப் புதுநன்மை எடுக்கிற பிள்ளைகளை வரிசையாக நிற்க வைத்து எடுப்பதில் ஆரம்பித்து, கல்யாண வீடியோ வரைக்கும் வந்தேன். அப்போதெல்லாம் வீடியோ எடுப்பது என்றால் கேமராவைவிட விளக்குத்தான் முக்கியம். வெல்டிங் கடை வெளிச்சம் மாதிரி ஒரு விளக்கை மாப்பிள்ளை பொண்ணு மூஞ்சியில் அடிப்போம். அவர்கள் கண்ணைச் சுருக்கிக்கொண்டு வேர்த்து ஊற்ற உட்கார்ந்திருப்பார்கள். பவுடர் கரைந்து கழுத்தில் இறங்கும்.

எல்லாக் கல்யாணத்திலும் யாராவது ஒரு சித்தி வந்து காதோடு சொல்வார்: "ஏம்மா, பொண்ணைக் கொஞ்சம் வெள்ளையாக் காட்டு."

நானும் காட்டினேன். லென்ஸைத் திறந்துவிட்டால் எல்லாரும் வெள்ளைதான். மூக்கு, கன்னம், நெற்றி எல்லாம் ஒரே மாவாகப் போய்விடும். கண்ணும் பொட்டும் மட்டும் மிதக்கும். அதைப் பார்த்துவிட்டு, "ஆ, இப்பதான் அழகா இருக்கு" என்பார்கள்.

ஒருநாள் தாப்பா டவுனில் ஒரு மண்டபத்தில், தாலி கட்டுகிற நேரம் பார்த்து விளக்கு பட்டென்று வெடித்தது. மேளக்காரர் நிறுத்தவில்லை, ஐயர் நிறுத்தவில்லை, நான் மட்டும் எப்படி நிறுத்துவது? பக்கவாட்டில் ஒரு கதவு திறந்திருந்தது. அதன் வழியாகப் பத்து மணி வெயில் தரையில் பட்டு, அங்கிருந்து எழும்பி அந்தப் பொண்ணின் ஒரு கன்னத்தில் விழுந்தது. நல்ல கறுத்த பொண்ணு. எண்ணெய் தேய்த்த தேக்குக் கதவு மாதிரி அந்தக் கன்னம் மின்னியது. நான் அதுவரை நூறு கல்யாணம் எடுத்திருப்பேன். பொண்ணுடைய மூக்கு எங்கே முடிந்து கன்னம் எங்கே ஆரம்பிக்கிறது என்று அன்றைக்குத்தான் பார்த்தேன்.

வீடியோவைக் கொடுத்தேன். பொண்ணின் தாயார் ஸ்டூடியோ வாசலிலேயே நின்று ஊரைக் கூட்டினார்.

"என் புள்ளையக் கறுப்பாக் காட்டிட்டா! பாருங்க, கறுப்பாக் காட்டிட்டா!"

"கறுப்பான புள்ளையக் கறுப்பாத்தானேம்மா காட்ட முடியும்?" என்று கேட்டுவிட்டேன். அவ்வளவுதான். முதலாளி என்னை ஒரு மாதம் பாஸ்போர்ட் படம் எடுக்கப் போட்டார். பெயரும் அன்றைக்கே ஒட்டிக்கொண்டது.

எனக்கு அதில் துளியும் வருத்தம் இல்லை. அந்தக் கதவு வெளிச்சத்தைத்தான் அதற்குப் பிறகு போகிற இடமெல்லாம் தேடிக்கொண்டிருந்தேன்.

மேக்கப் ரூம் அந்தப் பக்கம்

டிவி நாடகத்தில் அசிஸ்டன்ட் வேலைக்குப் போன முதல் நாள், கேமராப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நிற்கிறேன். ஒருவர் வந்து, "சிஸ்டர், மேக்கப் ரூம் அந்தப் பக்கம்" என்றார். பெட்டியில் பவுடர் டப்பா இருக்கிறது என்று நினைத்திருப்பார் போல. பதினெட்டுக் கிலோ பவுடர்!

ஐந்து வருடம் வயர் சுருட்டினேன். பிறகு போக்கஸ் பிடித்தேன். பிறகு கேமரா கைக்கு வந்தது. நாடகத்தில் எல்லாம் அவசரம். ஒரு நாளைக்குப் பதினைந்து காட்சி. எல்லாப் பக்கமும் விளக்கைப் போட்டுவிட்டால் யார் எங்கே நின்று அழுதாலும் எடுத்துவிடலாம். அழுகிறவர் முகத்தில் ஒரு சின்ன நிழல்கூட இருக்காது. நான் மட்டும் சாப்பாட்டு நேரத்தில் ஒன்றிரண்டு விளக்கை அணைத்துவிட்டு ஒன்றும் தெரியாத மாதிரி உட்கார்ந்திருப்பேன். ஜன்னலுக்கு எதிர்ச் சுவரில் கறுப்புத் துணியைத் தொங்கவிடுவேன். வெளிச்சம் திருப்பி அடிக்காமல் இருந்தால் முகத்துக்கு ஒரு நிழல் பக்கம் கிடைக்கும். "ரோஸ்லின் அக்கா மறுபடி துணி காயப் போட்டுட்டாங்க" என்று எல்லாரும் கிண்டல் செய்வார்கள்.

என் நாடகங்களில் ஒன்றைப் பார்த்துவிட்டுத்தான் இளங்கோ தேடி வந்தார். ஒரு காட்சியில் ஒரு அம்மா வெங்காயம் உரிப்பார். அதில் நான் விளக்கை அணைத்திருந்தேன். "அக்கா, அந்த வெங்காயம் மாதிரி ஒரு முழுப் படம் வேணும்" என்றார். எனக்கு ரொம்பப் பிடித்துப்போய்விட்டது, அவரையும் அந்தப் பேச்சையும்.

கோழியா, ஆடா?

சரி, திடலுக்கு வருவோம்.

ஆட்களைக் கூட்டி வருகிற பொறுப்பு சரசு அக்காவுக்கு. சிலிபினில் சாப்பாட்டுக் கடை வைத்திருப்பவர். எங்களுக்குச் சமைப்பதும் அவர்தான். நடிக்க வருகிற எண்பது பேரும் அவருடைய அக்கம்பக்கம், சொந்தபந்தம், சீட்டுப் பிடிக்கிறவர்கள். அவர்களுக்கு என்று போனில் ஒரு குழு வைத்திருந்தோம். முந்தின நாள் அதில் தகவல் போட்டது நான்தான்.

பெரியவர்கள் ஐந்து மணிக்கே சரசு அக்காவின் வேனில் ஏறி வந்துவிட்டார்கள். மற்றவர்கள் அவரவர் வண்டியில் வருவதாக ஏற்பாடு. யாரும் வரவில்லை. சரசு அக்கா ஒவ்வொருவராகப் போன் அடித்துக்கொண்டிருந்தார். எல்லாம் மணி அடித்து அடித்து நின்றது.

ஆறேகாலுக்கு ஒருவன் எடுத்தான். அஞ்சலை அக்காவின் மகன் முருகேஷ். அஞ்சலை அக்கா எங்களோடுதான் வரிசையில் நின்றார். மகன் வீட்டில் தூங்கிக்கொண்டிருந்தான். போனைப் பிடுங்கி நானே பேசினேன்.

"முருகேஷ், எங்க லா இருக்க? மணி என்னா?"

"என்னாக்கா காலங்காத்தால? ஆறு மணிக்குத்தானே பெரட்டுன்னு போட்டிருந்தீங்க. சாயங்காலம் வாரோம் லா. கோழியா, ஆடா?"

"என்னது?"

"பெரட்டல்க்கா. கோழிப் பெரட்டலா, ஆட்டுப் பெரட்டலா?"

என் போனைத் திறந்து நான் போட்ட தகவலைப் படித்தேன். 'நாளைக்கு ஆறு மணிக்குப் பெரட்டு. எல்லாரும் குடும்பத்தோட கண்டிப்பா வரணும்.' காலை என்று போடவில்லை. ஏன் போடவில்லை என்றால், பெரட்டு என்று சொன்ன பிறகு காலை என்று தனியாகச் சொல்ல வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. சாயங்காலம் யாராவது பெரட்டுக்கு நிற்பார்களா?

தோட்டத்தில் வேலை செய்தவர்களுக்கும் அது தோன்றவில்லை. அவர்கள் இருபத்து மூன்று பேரும் நேரத்துக்கு வந்துவிட்டார்கள். டவுனில் பிறந்த பிள்ளைகளுக்குத் தெரிந்த பெரட்டு குவாலிச் சட்டியில் கறிவேப்பிலை போட்டுக் கறியைப் பெரட்டுவதுதான். அதற்கு மேல் பாஸ் வேறு போன வாரம் எல்லாருக்கும் ஒரு நாள் வயிறாற மாக்கான் போடுவேன் என்று சொல்லியிருந்தார். ஐம்பத்தேழு பேரும் சந்தோஷமாகத் தூங்கிக்கொண்டிருந்தார்கள்.

இளங்கோவிடம் சொன்னேன். அவர் தலையில் கை வைத்துக்கொண்டு மண்ணில் உட்கார்ந்துவிட்டார்.

"என் தப்புதான். திட்டுறதுன்னா அப்பறம் திட்டுங்க. இப்ப எந்திரிங்க" என்றேன்.

பார்வதி எங்கே?

நான் வரைந்து வைத்திருந்தது அகலமான காட்சி. தூரத்தில் கேமரா, திடல் நிறைய எண்பது பேர், பின்னால் மரமும் மலையும். இருபத்து மூன்று பேரை அப்படி எடுத்தால் பஸ்ஸுக்குக் காத்திருக்கிற கூட்டம் மாதிரி இருக்கும்.

வானம் வெளுக்க ஆரம்பித்துவிட்டது. என்னோடு போக்கஸ் பிடிக்கிறவர் ஹபீஸ், கம்பாரில் பிறந்த மலாய்க்காரர், பத்து வருடப் பழக்கம். அவரிடம் அகல லென்ஸைக் கழற்றச் சொன்னேன். பெட்டியில் இருந்ததிலேயே நீளமானதை மாட்டினோம், தள்ளி நிற்பவர்களையும் ஒட்டி நிற்கிற மாதிரி காட்டுவது. கேமராவைத் தூக்கிக்கொண்டு ஓடி, வரிசையின் ஒரு முனையில் தோள் உயரத்துக்கு வைத்தேன். எல்லாரையும் மூன்று வரிசையாக நெருக்கி நிற்க வைத்தேன், ஒருத்தர் தோள் இன்னொருத்தர் கன்னத்தை மறைக்கிற மாதிரி. படத்தின் இரண்டு ஓரத்திலும் பாதி உடம்பு தெரிந்தால் போதும். அந்தப் பக்கம் எத்தனை பேர் என்று பார்க்கிறவர்கள் அவர்களாகவே நினைத்துக்கொள்வார்கள்.

"கூட்டமா தெரியுமாக்கா?" என்றார் இளங்கோ.

"தெரியும். தெரியலைன்னா நான் கல்யாண வீடியோவுக்கே போயிர்றேன்."

முகத்துக்கு என்ன வெளிச்சம்? கிராணியாக நடிக்கிற சேவியர் அண்ணன் கையில் ஒரு மண்ணெண்ணெய் விளக்கு இருந்தது. அதைப் பிடித்துக்கொண்டு அவர் வரிசையோடு நடக்க வேண்டும். பெயர் கூப்பிடும்போது அந்த முகத்துக்கு நேராக விளக்கு வரும், தாண்டிப் போனால் முகம் மறுபடி நீலத்துக்குள் போய்விடும். வானத்துக்கு அளவெடுத்து லென்ஸைச் சுருக்கினேன். முகங்கள் கறுப்பாகவே இருக்கட்டும், விளக்கு வந்து தொடுகிறபோது தெரிந்தால் போதும்.

ஹபீஸ் வானத்தைப் பார்த்துவிட்டு, "காக், லிமா மினிட் சஹாஜா" என்றார். ஐந்து நிமிடம்தான் என்கிறார். ஒரே ஒரு தடவைதான் எடுக்க முடியும்.

ஆரம்பித்தோம். சேவியர் அண்ணன் கதையில் எழுதியிருந்த பெயர்களை ஒவ்வொன்றாகக் கூப்பிட்டார். "காளியம்மா." "இருக்கேன்." "முனியாண்டி." "இருக்கேன்." யாருக்கும் நடிப்புச் சொல்லிக் கொடுக்க வேண்டியிருக்கவில்லை. கையைக் கட்டிக்கொண்டு, கொட்டாவியை அடக்கிக்கொண்டு, குளிருக்குத் தோளைக் குறுக்கிக்கொண்டு அப்படியே நின்றார்கள்.

"பார்வதி."

பதில் இல்லை. பார்வதியாக நடிக்க வேண்டிய பொண்ணு சிலிபினில் போர்வைக்குள் இருந்தாள். அதை நாங்கள் யாரும் யோசிக்கவே இல்லை! சேவியர் அண்ணன் விளக்கைப் பிடித்தபடி நின்றார். இளங்கோ என் தோளைப் பிடித்து இறுக்கினார்.

"பார்வதி!" என்றார் சேவியர் அண்ணன் மறுபடியும், உண்மையான கோபத்தோடு.

இரண்டாவது வரிசையிலிருந்து அஞ்சலை அக்காவின் குரல் வந்தது. "புள்ள பெத்துருக்கா கிராணி. வரமாட்டா."

எழுதிய கதையில் அப்படி ஒரு வரியே கிடையாது. சேவியர் அண்ணன் நாற்பது வருடம் மேடையில் நின்றவர், விடுவாரா? விளக்கை அஞ்சலை அக்கா முகத்துக்குக் கொண்டுபோனார்.

"போன மாசமும் இதைத்தானே சொன்ன?"

"அதை அவ புருசன்கிட்டப் போய்க் கேளுங்க!"

வரிசை முழுக்கச் சிரித்தது. முதலில் பெண்கள், பிறகு ஆண்கள். வாயைப் பொத்திக்கொண்டு, ஒருத்தர் முதுகில் ஒருத்தர் முகத்தைப் புதைத்துக்கொண்டு சிரித்தார்கள். தமிழ் ஒரு வார்த்தை புரியாத ஹபீஸ் சரியான நொடியில் போக்கஸை விளக்கிலிருந்து அஞ்சலை அக்காவின் முகத்துக்குத் தள்ளினார். கறுத்த முகம், மூக்குத்தி, பல், கண்ணோரத்துச் சுருக்கம் எல்லாம் அந்த மஞ்சள் வெளிச்சத்தில். பின்னால் நீல வானம்.

"கட்" என்று சொல்ல இளங்கோ மறந்தே போனார். நான்தான் சொன்னேன். சொல்லிவிட்டு அழுதேன். ஐம்பத்து நாலு வயதில் இத்தனை பேர் முன்னால் மூக்கைச் சிந்திக்கொண்டு அழுததில் எனக்குக் கொஞ்சமும் வெட்கம் இல்லை.

சாயங்காலம் வந்த நீதிபதிகள்

காலை எட்டு மணிக்குப் பாஸ் வந்தார். சின்னத் திரையில் போட்டுக் காட்டினோம். இரண்டு தடவை பார்த்தார். சிரிக்கிற இடத்தில் சிரித்தார். அப்பாடா என்று நான் வாயைத் திறப்பதற்குள் அவர் திறந்துவிட்டார்.

"எனக்குப் புடிச்சிருக்கு ரோஸ்லின். பொய் சொல்லல. ஆனா நான் பாக்குறதுக்கு மட்டும் படம் எடுக்கல. ஜனம் இருட்டுன்னு சொல்லும். லோரி நாளைக்கு வரட்டும்."

அன்றைக்குப் பகல் முழுக்க அந்தப் பெரியவர்களை வைத்துத் தோட்டத்தில் எடுக்க வேண்டிய மிச்சக் காட்சிகளை எடுத்தேன். எதை எடுத்தேன் என்று இப்போது கேட்டால் சொல்லத் தெரியாது. பாஸ் வேறு பக்கத்திலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

சாயங்காலம் ஆறு மணிக்கு, சொன்ன நேரத்துக்கு ஒரு நிமிடம் பிந்தாமல், செம்மண் பாதையில் வண்டிகள் வரிசையாக வந்தன. ஐம்பத்தேழு பேர் தூங்கினார்கள், வந்தவர்கள் நூறு பேருக்கு மேல் இருப்பார்கள். குடும்பத்தோடு வரச் சொன்னது நான்தானே? பட்டுப் புடவை, சென்ட் வாசனை, கைக்குழந்தைகள். மிச்சத்தைக் கட்டிக்கொண்டு போக டப்பா கொண்டுவந்தவர்களும் உண்டு.

"அலாமா! யாரு இவங்க எல்லாம்?" என்றார் பாஸ். வேறு வழியில்லாமல் விஷயத்தைச் சொன்னேன். திட்டப் போகிறார் என்று நின்றேன். மனுசர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, "வந்தவங்களை வெறும் வயித்தோட அனுப்ப முடியுமா?" என்று சரசு அக்காவைச் செமோருக்கு விரட்டினார். அந்த டவுனில் அப்போது கிடைத்த கோழியெல்லாம் வந்து சேர்ந்தது. குவாலி அடுப்பில் ஏறியது.

வேக ஒரு மணி நேரம் ஆகும். பிள்ளைகள் பசியில் சிணுங்கின. அப்போதுதான் பாஸ் என்னைப் பார்த்தார்.

"ஜனம் ஜனம்னு சொன்னேன்ல? இதோ வந்து நிக்குது. காலையில எடுத்ததை இவங்களுக்குப் போட்டுக் காட்டு. ஒருத்தரும் இருட்டுன்னு சொல்லலைன்னா உன் வழியில போலாம். ஒருத்தர் சொன்னாலும் லோரி வருது."

"ஒருத்தர் சொன்னாலுமா பாஸ்?"

"ஒருத்தர் சொன்னாலும்."

நூறு பேரில் ஒருத்தர்கூட வாயைத் திறக்காமல் இருப்பார்களா? அதுவும் நம் ஆட்கள்? ஆபீஸ் சுவரில் வெள்ளைத் துணியைக் கட்டினோம். சூரியன் இறங்கி வானம் மங்குகிற நேரம். இரவில் எடுத்ததைப் பார்க்க எங்கள் வேனில் வைத்திருந்த புரொஜெக்டரைப் போட்டுவிட்டு நான் திரையைப் பார்க்காமல் ஜனத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

முதல் முகத்துக்கு விளக்கு வந்ததும் சத்தம் அடங்கியது. ஒரு சின்னப் பிள்ளை, "அது எங்க பெரியம்மா!" என்று கத்தியது. அடுத்து, "ஏய், எங்க அப்பா லா!" ஒவ்வொரு முகமாக விளக்கு போகப் போக ஒவ்வொரு குடும்பமாகக் கூச்சல் போட்டது. பார்வதிக்குப் பிள்ளை பிறந்த இடத்தில் திடலே அதிர்ந்தது. விசில் பறந்தது. அஞ்சலை அக்கா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார்.

படம் முடிந்து துணி வெள்ளையானது. கைதட்டல். நான் மனதுக்குள் மாதாவைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

கைதட்டல் அடங்குகிற நேரத்தில் முன் வரிசையிலிருந்து ஒரு குரல் தெளிவாகக் கேட்டது.

"ரொம்ப இருட்டா இருக்கே."

முருகேஷ். கோழியா ஆடா என்று கேட்ட அதே முருகேஷ். அவன் சங்கைப் பிடித்து நெரிக்கலாம் போல இருந்தது எனக்கு. பாஸ் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

முருகேஷ் எங்கள் யாரையும் பார்க்கவில்லை. திரும்பித் தன் அம்மாவைப் பார்த்தான்.

"இவ்ளோ இருட்டுலயாம்மா வேலைக்குப் போனீங்க? தெனமுமா?"

அஞ்சலை அக்கா முந்தானையை விலக்கினார். இதென்ன கேள்வி என்கிற மாதிரி அவனைப் பார்த்தார்.

"பின்ன? வெயில் ஏறுனா பால் நின்னு போயிரும் லா. நீ அப்ப தூங்கிக்கிட்டு இருப்ப. ஒனக்கு எப்படித் தெரியும்?"

முப்பத்தைந்து வயது ஆம்பிளை, எழுந்து போய் அம்மா காலடியில் மண்ணில் உட்கார்ந்துகொண்டான். போட்டுக்கொண்டு வந்த புதுச் சட்டையைப் பற்றி அவனுக்குக் கவலை இல்லை.

"இன்னொரு தடவை போடுங்கக்கா" என்றான் என்னிடம்.

நான் போடவில்லை. பாஸைப் பார்த்தேன். "ஒருத்தர் சொல்லிட்டாரே பாஸ்" என்றேன்.

பாஸ் அதற்குள் போனைக் காதில் வைத்திருந்தார். மூக்கை உறிஞ்சிக்கொண்டு பேசினார். "ஹலோ, லோரியா? நாளைக்கு வர வேணாம் லா... இல்ல, இல்ல. நாளன்னிக்கும் வேணாம்."